சாவி யார் கையில்

எனக்குப் பதினொரு வயதிருக்கும்போது எங்கள் ஊர்ச் சபை இரண்டாக உடைந்தது. காரணம் இன்றுவரை எனக்கு முழுதாக விளங்கவில்லை. கல்லறைத் தோட்டக் கணக்கு என்பார் ஒருவர், கமிட்டித் தேர்தல் என்பார் இன்னொருவர். ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில் போனால் கோயில் கதவில் புதுப் பூட்டு தொங்கிக்கொண்டிருந்தது. வெளியே நின்றவர்களில் பாதிப்பேர் பக்கத்துத் தோப்பில் பாய் விரித்து ஆராதனை நடத்தினோம். என் ஆச்சி அன்றைக்கு ரொம்பத் தெளிவாக இருந்தாள். "கட்டடம் கெடந்துட்டுப் போவுதுல. சபைன்னா ஆளுவதான். நாம எங்க இருக்கமோ அங்கதான் கோயிலு."

சாயங்காலம் பழைய கோயில் மணி அடித்தது. ஆச்சி அடுப்படியிலிருந்து வெளியே வந்து நின்றாள். "அந்த மணிக்கு எங்க அய்யா பணம் குடுத்திருக்காவ" என்றாள். குரல் மாறியிருந்தது. காலையில் ஆட்கள்தான் சபை. சாயங்காலம் மணியும் சபை. இந்த இரண்டுக்கும் நடுவில் என்ன இருக்கிறது என்று நான் யோசிக்க ஆரம்பித்தது அன்றைக்கு அல்ல, அதற்குப் பல வருஷம் கழித்து, சென்னை எழும்பூரில் இருக்கும் செயின்ட் ஆண்ட்ரூஸ் கோயிலுக்குள் முதல்முறையாகப் போனபோது.

'கர்க்' என்று பழைய சென்னைக்காரர்கள் சொல்லும் கோயில் அது. ஸ்காட்லாந்துக்காரர்கள் தங்களுக்காகக் கட்டிக்கொண்டது, 1821இல் திறந்தார்கள். மண் இளகலாக இருந்ததால் தாமஸ் டி ஹேவிலண்ட் என்ற பொறியாளர் தரைக்கடியில் வரிசையாகக் கிணறுகள் இறக்கி அதன்மேல் கட்டடத்தை நிறுத்தினார். உள்ளே நுழைந்தால் வட்டமான கூடம், தலைக்கு மேலே நீலக் குவிமாடம். காவலாளி என்னிடம் கிணற்றுக் கதையைத்தான் பெருமையாகச் சொன்னார். எனக்கு அதைவிட ஒரு சின்ன விஷயம் ஒட்டிக்கொண்டது. இது பிரஸ்பிட்டேரியன் கோயிலாக இருந்தது, அவர்களுக்குப் பிஷப் கிடையாது. நாங்களோ ஆங்கிலிக்கன் வழியில் வந்தவர்கள், பிஷப் இல்லாத சபையை எனக்குக் கற்பனைகூடப் பண்ண முடியாது. 1947இல் தென்னிந்தியத் திருச்சபை உருவானபோது ஆங்கிலிக்கன்களும் மெதடிஸ்டுகளும் இந்தப் பிரஸ்பிட்டேரியன் மரபில் வந்தவர்களும் ஒன்றாகக் கலந்தார்கள். அப்படியென்றால் எனக்கும் இவர்கள் ஏதோ ஒரு வழியில் சொந்தக்காரர்கள். அந்தச் சொந்தத்தைத் தேடிப் போனதில் கிடைத்தவைதான் கீழே.

பிரஸ்பிட்டேரியன் என்ற சொல்லுக்குள் இருப்பது 'மூப்பர்' என்பதற்கான கிரேக்கச் சொல். போதகரும் சபை மூப்பர்களும் சேர்ந்து உட்கார்ந்து சபையை நடத்துவார்கள். பல சபைகளுக்கு மேலே ஒரு வட்டார மன்றம், எல்லாவற்றுக்கும் மேலே பொதுப்பேரவை. பஞ்சாயத்து மாதிரி என்று வைத்துக்கொள்ளலாம். ஆனால் ஸ்காட்லாந்தில் இந்தப் பஞ்சாயத்தில் ஒரு ஓட்டை இருந்தது. 1711ஆம் வருஷத்துச் சட்டம் ஒன்றின்படி, ஒரு ஊர்க் கோயிலுக்கு யார் போதகர் என்று முன்மொழியும் உரிமை அந்த வட்டாரத்து நிலக்கிழாருக்கோ அரசுக்கோதான். சபை ஜனங்கள் அழைப்புப் பத்திரத்தில் கையெழுத்துப் போடுவார்கள், அது சடங்கு. ஞானஸ்நானம் கொடுக்கவும், சாவுக்கு வந்து நிற்கவும், ஞாயிறுதோறும் இரண்டு மணி நேரம் பேசவும் போகிற ஆளை, அந்த ஊரில் குடியிருக்காத ஒரு பிரபு பொறுக்கியெடுப்பார்.

1834இல் ஆக்டரார்டர் என்ற ஊருக்கு ஒரு பிரபு ராபர்ட் யங் என்பவரை முன்மொழிந்தார். அந்தச் சபையில் குடும்பத் தலைவர்கள் 330 பேர். அழைப்பில் கையெழுத்துப் போட்ட சபையார் இரண்டே பேர். 287 பேர் வேண்டாம் என்று எழுதிக் கொடுத்தார்கள். அதே வருஷம்தான் பொதுப்பேரவை, குடும்பத் தலைவர்களில் பெரும்பான்மை மறுத்தால் அந்தப் போதகரை ஏற்கக்கூடாது என்று விதி போட்டிருந்தது. பிரபுவும் யங்கும் நீதிமன்றத்துக்குப் போனார்கள். வழக்கு லண்டன் பிரபுக்கள் சபைவரை ஏறி, 1839இல் சபை தோற்றது. போதகரை முன்மொழிவது சொத்துரிமை, அதில் தலையிடச் சபைக்கு அதிகாரமில்லை என்று ஆனது.

மார்னக் என்ற ஊரில் நடந்ததை நான் அடிக்கடி நினைத்துக்கொள்வேன். அங்கே முன்மொழியப்பட்டவருக்கு ஆதரவாகக் கையெழுத்திட்ட ஒரே சபையார் ஊர் விடுதிக்காரர். 1841 ஜனவரியில், ஊரே எதிர்த்து நிற்க, நீதிமன்ற உத்தரவின் பலத்தில் அவரைப் பதவியில் அமர்த்தும் ஆராதனை நடந்தது. வெளியே பனி. சபையார் தங்கள் ஆட்சேபத்தைச் சொன்னார்கள், பிறகு எழுந்தார்கள், பெஞ்சுகளில் வழக்கமாக விட்டுவைத்திருந்த பைபிள்களை எடுத்துக்கொண்டு வெளியே நடந்தார்கள். அவ்வளவுதான். யாரும் பெஞ்சை உடைக்கவில்லை. எனக்கு இதில் பிடித்தது அந்தப் பைபிளை எடுத்துக்கொண்டு போனதுதான். பரம்பரை பரம்பரையாக உட்கார்ந்த இடத்திலிருந்து எது என்னுடையது, எது இல்லை என்று அந்த நிமிஷத்தில் கை முடிவு பண்ணுகிறது. நாங்கள் தோப்புக்குப் போனபோது எங்கள் பைபிளெல்லாம் வீட்டிலிருந்துதான் வந்தது, பூட்டுக்குப் பின்னால் என்ன இருந்தது என்று யோசித்துப் பார்த்தால், பாய்களும் மணியும் மட்டும்தான்.

1843 மே 18. எடின்பரோவில் பொதுப்பேரவை கூடியது. தலைவர் டேவிட் வெல்ஷ் வழக்கமான அலுவலைத் தொடங்குவதற்குப் பதில் ஒரு எதிர்ப்பு அறிக்கையை வாசித்தார், மேசையில் வைத்தார், வெளியே நடந்தார். பின்னாலேயே வரிசையாகப் போதகர்களும் மூப்பர்களும். தெரு முழுக்கக் கூட்டம். அவர்கள் டான்ஃபீல்டு மண்டபத்துக்குப் போய்ச் சுதந்திரத் திருச்சபை என்று ஒன்றைத் தொடங்கி, தாமஸ் சாமர்ஸைத் தலைவராக்கினார்கள். சுமார் 1200 போதகர்களில் 470க்கும் மேற்பட்டவர்கள் வேலை, சம்பளம், குடியிருந்த வீடு மூன்றையும் எழுதிக் கொடுத்துவிட்டு வந்தார்கள். அந்தக் கையெழுத்து நிகழ்ச்சியை டேவிட் ஆக்டேவியஸ் ஹில் ஓவியமாக வரைந்தார். நானூறுக்கும் மேற்பட்ட முகங்கள். ஒவ்வொன்றையும் சரியாக வரைவதற்காக ராபர்ட் ஆடம்சனோடு சேர்ந்து அப்போது புதிதாக வந்திருந்த புகைப்படக் கலையைப் பயன்படுத்தினார். ஓவியம் முடிய 1866 ஆகிவிட்டது. ஓவியத்தைவிட அந்தப் புகைப்படங்கள்தான் இன்று உலகப் புகழ்.

போதகர்கள் வெளியே வந்ததை எல்லோரும் எழுதுகிறார்கள். ஊர்களில் நடந்தது எனக்கு இன்னும் முக்கியமாகத் தெரிகிறது. கட்டடம் இல்லை. கட்ட நிலம் வேண்டும், நிலமோ எந்தப் பிரபுக்களை எதிர்த்து வெளியே வந்தார்களோ அவர்களிடமே இருந்தது. பலர் தர மறுத்தார்கள். ஜனங்கள் சாலையோரத்திலும் கடற்கரையிலும் மலைச்சரிவிலும் கூடினார்கள். ஸ்ட்ரான்டியன் பகுதியில் நிலக்கிழார் ஒரு அடிகூடத் தரமாட்டேன் என்றதும் சபையார் ஒரு காரியம் செய்தார்கள். நிலம்தானே அவருடையது, தண்ணீர் இல்லையே என்று கிளைட் நதிக்கரைக் கப்பல் பட்டறையில் இரும்பில் ஒரு மிதக்கும் கோயிலைக் கட்டி, 1846இல் இழுத்துக்கொண்டு வந்து சுனார்ட் கடற்கழியில் நங்கூரம் பாய்ச்சினார்கள். நூறு பேர் ஏறினால் கோயில் ஒரு அங்குலம் அமிழும் என்று சொல்வார்களாம். எந்தப் போதகருக்குக் கூட்டம் அதிகம் என்று பிரசங்கம் கேட்காமலே தண்ணீரைப் பார்த்துச் சொல்லிவிடலாம். ஆச்சியிடம் இதைச் சொன்னபோது சேலைத் தலைப்பால் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். "நம்ம அய்யருக்கு மெதந்துகிட்டே கெடக்கும்."

பணத்துக்குச் சாமர்ஸ் ஒரு வழி சொன்னார். வாரம் ஒரு பென்னி. பணக்காரச் சபையும் ஏழைச் சபையும் ஒரே பொது நிதியில் போட, அதிலிருந்து எல்லாப் போதகர்களுக்கும் சமமாகப் பங்கு. மீனவப் பெண்களும் நெசவாளர்களும் போட்ட பென்னிகள். நான்கே வருஷத்தில் 700 கோயில்கள்வரை எழுந்துவிட்டன. இதுவரைக்கும் படித்துவிட்டு நான் புத்தகத்தை மூடியிருந்தால் இந்தக் கட்டுரை ஆச்சியின் காலைநேர வாக்கியத்தோடு முடிந்திருக்கும். ஆட்கள்தான் சபை, சாவி யாரிடம் இருந்தால் என்ன?

ஆனால் பென்னி மட்டும் போதவில்லை. 1844இல் இவர்கள் அமெரிக்காவுக்கு ஆள் அனுப்பி நிதி திரட்டினார்கள். அங்கே தென் மாநிலங்களின் பிரஸ்பிட்டேரியன் சபைகளும் மனமுவந்து கொடுத்தன. சார்ல்ஸ்டன் போன்ற ஊர்களின் சபைகள். அடிமைகளை வைத்திருந்தவர்கள் காணிக்கை போடும் சபைகள். அந்தப் பயணத்தில் திரண்ட தொகை சுமார் 3000 பவுண்டு. ஃப்ரெடரிக் டக்ளஸ் 1846இல் ஸ்காட்லாந்து வந்தபோது இதைத்தான் பிடித்துக்கொண்டார். அப்போது அவர் சட்டப்படி இன்னும் ஒருவருடைய உடைமை, தப்பி வந்தவர். 'பணத்தைத் திருப்பி அனுப்பு' என்பது ஊர் ஊராகக் கோஷமானது, எடின்பரோ சுவர்களில் எழுதப்பட்டது, தெருப்பாட்டானது.

சபை திருப்பி அனுப்பவில்லை. சாமர்ஸும் அவரோடு இருந்தவர்களும் சொன்ன வாதம், அடிமைமுறை தீமைதான், ஆனால் அந்த முறைக்குள் பிறந்து வாழும் ஒவ்வொரு தனிமனிதனையும் பாவி என்று சபையிலிருந்து விலக்க முடியாது என்பது. இதை முட்டாள்தனமான வாதம் என்று தள்ளிவிட எனக்கு ஆசையாக இருக்கிறது, தள்ள முடியவில்லை. அமைப்பு தீயது, அதில் இருக்கும் எங்க மாமா நல்லவர் என்று சாதி பற்றிப் பேசும்போது நாம் எத்தனை தடவை சொல்லியிருக்கிறோம்? என்றாலும் ஒரு இடத்தில் அது உடைகிறது. சில வருஷம் முன்னால் இதே ஆட்கள், தீய சட்டம் ஒன்றின்கீழ் வரும் சம்பளத்தைத் தொட்டால் மனசாட்சி போய்விடும் என்று வீட்டைவிட்டு இறங்கியவர்கள். தன் மேல் விழுகிற அநியாயத்தில் சட்டத்துக்கும் மனிதனுக்கும் நடுவே அவர்கள் இத்தனை நுணுக்கமாக வேறுபாடு பார்க்கவில்லை.

இதில் இன்னொரு முடிச்சும் இருக்கிறது. அதே 1846இல் இங்கிலாந்து நண்பர்கள் 150 பவுண்டு திரட்டி டக்ளஸின் உரிமையாளருக்குக் கொடுத்து அவரை விடுவித்தார்கள். அடிமை எதிர்ப்பாளர்களில் சிலரே கோபப்பட்டார்கள். மனிதனுக்கு விலை கொடுத்தால் மனிதனுக்கு விலை உண்டு என்று ஒப்புக்கொண்டதாகாதா? டக்ளஸ் தன் நிலையை விளக்கி எழுத வேண்டியிருந்தது. அவர் பக்கம்தான் நான். பணம் எங்கே போகிறது என்பதைவிட அதன் முடிவில் யாருடைய கையில் விலங்கு கழல்கிறது என்று பார்க்கலாம். அந்தக் கணக்கில் 150 பவுண்டு ஒரு ஆளை விடுவித்தது. 3000 பவுண்டு யாரையும் விடுவிக்கவில்லை, சில கூரைகளைப் போட்டது.

இந்தச் சங்கடம் நம் ஊருக்கும் வந்தது. 1843இல் இந்தியாவில் இருந்த ஸ்காட்லாந்து மிஷனரிகள் எல்லோருமே வெளியேறியவர்கள் பக்கம் சேர்ந்துவிட்டார்கள். கல்கத்தாவில் அலெக்சாண்டர் டஃப் தான் கட்டியெழுப்பிய கல்லூரிக் கட்டடத்தையும் நூலகத்தையும் விட்டுவிட்டு வேறிடத்தில் தொடங்கினார். அவர் விட்டுவந்த கல்லூரியில்தான் பிற்பாடு விவேகானந்தர் படித்தார். பிரிந்த இரண்டும் மறுபடி ஒன்றானது 1908இல். சென்னையில் ஜான் ஆண்டர்சன். இன்றைய சென்னைக் கிறித்தவக் கல்லூரியின் வேர் அவர் 1837இல் நடத்திய பள்ளி. ஒடுக்கப்பட்ட சாதிப் பையன்களை அங்கே சேர்த்ததும், அவர்களை வெளியே அனுப்பு என்று மேல்சாதி வீடுகள் கேட்டன. ஆண்டர்சன் மறுத்தார். மாணவர்கள் பெரும் எண்ணிக்கையில் நின்றுவிட்டார்கள், பள்ளி ஆட்டம் கண்டது. அவர் அசையவில்லை. அதே ஆண்டர்சன் பிற்பாடு சேர்ந்த சபைதான் அந்த 3000 பவுண்டை வைத்துக்கொண்ட சபை. சென்னையில் சாதிப் பணத்தை வேண்டாமென்றது ஒரு மனிதன், எடின்பரோவில் அடிமைப் பணத்தை வைத்துக்கொண்டது ஒரு நிறுவனம் என்று சொல்லிவிட்டால் வசதியாக இருக்கும். நிறுவனமும் மனிதர்கள்தானே.

கடைசியாக 1904. எனக்கு இதுதான் தூக்கத்தைக் கெடுத்த பகுதி. 1900இல் சுதந்திரத் திருச்சபை, ஐக்கிய பிரஸ்பிட்டேரியன் திருச்சபை என்ற இன்னொரு சபையோடு இணைந்தது. பேரவை வாக்கெடுப்பில் ஆதரவு 643, எதிர்ப்பு 27. அந்தச் சிறுபான்மை பெரும்பாலும் மலைநாட்டுக் கேலிக் மொழிக்காரர்கள். அவர்கள் சொன்னது: 1843இல் நாம் வெளியே வந்தபோது, அரசு சபையை ஆதரிக்கக் கடமைப்பட்டது என்ற கொள்கையைக் கைவிடவில்லை, கெட்டுப்போன ஏற்பாட்டைத்தான் விட்டோம். நீங்கள் சேரப்போகிறவர்கள் அந்தக் கொள்கையையே மறுப்பவர்கள். ஆகவே பழைய சபை நாங்கள்தான். வழக்குப் போட்டார்கள். ஸ்காட்லாந்து நீதிமன்றங்களில் தோற்றார்கள். பிரபுக்கள் சபை 1904 ஆகஸ்ட் 1 அன்று, இரண்டு பேர் மாறுபட ஐந்து பேர் ஒப்ப, தீர்ப்பை அவர்கள் பக்கம் சொன்னது. நூற்றுக்கணக்கான கோயில்கள், இறையியல் கல்லூரிகள், நிதி எல்லாம் அந்த 27 பேர் பக்கம். நடத்த ஆளே இல்லாத அளவு சொத்து. மறுவருஷம் நாடாளுமன்றம் தனிச் சட்டம் போட்டு ஒரு ஆணையம் வைத்து, யாரால் எதை நடத்த முடியுமோ அப்படிப் பிரித்துக் கொடுத்தது.

முதலில் படித்தபோது எனக்குச் சிரிப்புதான் வந்தது. நீதிமன்றம் சபைக்குள் தலையிடக்கூடாது என்று பிறந்த சபை, நீதிமன்றத்தில் போய் நின்று நான் யார் என்று சொல்லு என்று கேட்கிறது. பிறகு சிரிப்பு போய்விட்டது. தீர்ப்பின் அடியில் இருக்கும் எண்ணம், ஒரு சபை என்பது அதில் இருக்கும் ஆட்கள் அல்ல, அவர்கள் சேர்ந்து நம்புவதாகச் சொன்ன கொள்கை என்பது. ஒரு காரியத்துக்கென்று நம்பிக் கொடுத்த பணம் அந்தக் காரியத்துக்கே. பெரும்பான்மை மனசு மாறினால் மனசு அவர்களுடையது, பணம் அல்ல. 1844இல் வாரம் ஒரு பென்னி போட்ட ஒரு விதவையை நினைத்துப் பார்க்கிறேன். அவள் எதற்குப் போட்டாள்? தன் பேரப்பிள்ளைகள் என்ன நினைத்தாலும் சரி என்றா? தான் நம்பியது நிற்கட்டும் என்றா? பெரும்பான்மை நினைத்தபடி எதையும் மாற்றலாம் என்றால் செத்தவர்களிடம் கொடுத்த வாக்குக்கு மதிப்பே கிடையாது. எதையுமே மாற்றக்கூடாது என்றால் கல்லறைத் தோட்டம்தான் சபையை நடத்துகிறது. வீட்டு அரிவாள்மணையில் பலகையையும் மாற்றி அலகையும் மாற்றிவிட்டு, இது எங்க பாட்டி வச்சிருந்தது என்று சொல்கிற விஷயம்தான். ஆனால் அரிவாள்மணை கோர்ட்டுக்குப் போவதில்லை.

நான் 643 பேர் பக்கம். உயிரோடு இருப்பவர்கள் மாறத்தான் செய்வார்கள், மாறியவர்களும் அதே சபைதான். ஆனால் இதைச் சொல்லும்போது அந்த 27 பேரை மடையர்களாக நினைக்க என்னால் முடியவில்லை. எண்ணிக்கையில் தோற்றுப்போன, ஆங்கிலம் சரளமாக வராத ஓரத்து மனிதர்களுக்கு, எழுதிவைத்த வாக்கைத் தவிர வேறென்ன ஆயுதம் இருந்தது?

இரண்டு தரப்பும் வருஷக்கணக்காக வாதாடின. கொடுத்தவர்களின் நோக்கம் என்ன என்பதுதான் வழக்கின் உயிர். கொடுத்தவர்களில் இன்னொரு கூட்டமும் இருந்தது. தென் மாநிலப் பண்ணைகளில் உழைத்து, கேட்காமலே எடுக்கப்பட்டு, காணிக்கைத் தட்டுக்குப் போன பணத்தின் சொந்தக்காரர்கள். அவர்களுடைய நோக்கம் என்ன என்று அந்த வழக்கில் வாதாட யாரும் இல்லை. எந்தக் கோயிலின் எந்தக் கல் அவர்களுடையது என்று கண்டுபிடிக்கவும் வழியில்லை, பென்னியும் அதுவும் ஒரே பெட்டியில் கலந்துவிட்டது.

இதை எழுதிக்கொண்டிருக்கும்போது ஆச்சியின் மணி ஞாபகம் வந்துகொண்டே இருந்தது. ஆச்சியின் அய்யாவுக்குப் பனங்காடு இருந்தது. அவர் பனை ஏறியவர் இல்லை. ஏறியவர்கள் வேறு குடும்பங்கள். அவர்களும் எங்கள் சபைதான், எங்கள் சாதிதான், பின்னால் உட்காருவார்கள். கூலி போக மிஞ்சியதில்தான் அந்த மணி வந்தது. சபை உடைந்தபோது அந்த வீடுகள் எங்களோடு தோப்புக்கு வரவில்லை. பூட்டுப் போட்டவர்கள்மேல் பிரியத்தினால் இல்லை. அவர்களில் ஒரு பெரியவரிடம் பின்னொரு நாள் கேட்டேன். "ரெண்டு பக்கமும் பண்ணையாரு மக்கதானடே. எங்களுக்கு எங்க போனாலும் பொறத்தால பாய்தான்" என்றார். சபையே ஆட்கள்தான் என்று நாங்கள் தோப்பில் பாடிக்கொண்டிருந்தபோது, எந்த ஆட்கள் வரவில்லை என்று எண்ணிப் பார்க்க யாருக்கும் தோன்றவில்லை. எனக்கும்.

தாத்தா இறந்ததும் குடும்ப ஓய்வூதியத்துக்குக் கல்யாணச் சான்றிதழ் கேட்டார்கள். பதிவேடு பழைய கோயிலில்தான் இருந்தது. பதினான்கு வருஷம் கழித்து ஆச்சி அந்தப் படியேறினாள், நான் கையைப் பிடித்துக்கொண்டேன். பதிவேடு எடுக்கப் போனவர் வெகுநேரம் வரவில்லை. ஆச்சி உள்ளே போய் மூன்றாவது வரிசை இருந்த இடத்தில் தரையில் உட்கார்ந்தாள். இப்போது அங்கே நாற்காலிகள் போட்டிருந்தார்கள், ஆனாலும் தரையில்தான் உட்கார்ந்தாள். ஐந்தரைக்கு மணி அடித்தது. கயிற்றைப் பிடித்திருந்த பையனைத் தூண் மறைவிலிருந்து எட்டிப் பார்த்தாள். யார் வீட்டுப் பையன் என்று கேட்டாள். சொன்னேன், பனையேறின அந்தப் பெரியவரின் பேரன்.

கொஞ்ச நேரம் பேசாமல் கேட்டுக்கொண்டிருந்தாள். பிறகு, "எங்க அய்யா காலத்துல இம்புட்டு ஒழுங்கா யாரும் அடிச்சதில்ல" என்றாள்.